பள்ளி ஆசிரியர் கட்டியெழுப்பிய அணி: மார்க்கு கானெர்வாவின் எட்டு ஆண்டுகள்

பின்லாந்தின் ஆண்கள் தேசியக் கால்பந்தாட்ட அணிக்கு எட்டு ஆண்டுகள் தலைமைப் பயிற்சியாளராக இருந்த மார்க்கு கானெர்வாவின் பணிக்காலம் 2024 நவம்பரில் முடிவுக்கு வந்தது. ஐரோப்பிய நாடுகள் லீக் போட்டியில் அவ்வாண்டு ஆடிய ஆறு ஆட்டங்களிலும் அவரது அணி தோற்றிருந்தது. போட்டது இரண்டு கோல்கள், வாங்கியது பதின்மூன்று. இந்தக் கணக்கை மட்டும் பார்ப்பவர்களுக்கு அவரது வெளியேற்றத்தில் விளக்கம் தேவைப்படும் எதுவும் இருக்காது.

ஆனால் அதற்கு ஐந்து ஆண்டுகள் முன்பு, 2019 நவம்பர் 15ஆம் தேதி, இதே மனிதரின் அணி ஹெல்சிங்கியில் லீக்டன்ஸ்டைனை 3-0 என வென்றபோது ரசிகர்கள் ஆடுகளத்துக்குள் திரண்டு இறங்கினார்கள். பின்லாந்தின் ஆண்கள் அணி ஒரு பெரும் சர்வதேசப் போட்டியின் இறுதிச் சுற்றுக்குத் தகுதிப்போட்டிகளின் வழியே முன்னேறியது அதுவே முதல் தடவை. 1938 உலகக் கிண்ணத்துக்கான தகுதிச் சுற்றில் தொடங்கிய காத்திருப்பு அன்று முடிந்தது.

இந்த இரு நாட்களுக்கும் இடையில் நடந்தது என்ன என்பதும், சிறிய நாடு ஒன்றின் வெற்றியில் தனிமனிதரின் பங்கு எவ்வளவு, அமைப்பின் பங்கு எவ்வளவு என்பதும் விளையாட்டுக்கு அப்பாலும் கவனிக்கத் தக்க கேள்விகள்.

நட்சத்திரங்கள் இருந்தும் எட்டாத கனி

சுமார் 55 லட்சம் மக்களைக் கொண்ட பின்லாந்தில் குளிர்காலம் நீண்டது. மக்களின் முதன்மை விளையாட்டு பனி ஹாக்கி. 1995, 2011, 2019, 2022 ஆகிய ஆண்டுகளில் அந்நாடு பனி ஹாக்கியில் உலக சாம்பியன் ஆகியிருக்கிறது. கால்பந்தாட்டமோ பலர் விளையாடும், ஆனால் பெரிதாக எதையும் எதிர்பார்க்காத ஒன்றாகவே நெடுங்காலம் இருந்துவந்தது.

அதற்காகத் திறமைசாலிகளே இல்லை என்று கூறிவிட முடியாது. யாரி லிட்மனென் 1995இல் அயாக்ஸ் அணியுடன் சாம்பியன்ஸ் லீக் கிண்ணத்தை வென்றவர். சாமி ஹூப்பியா லிவர்பூலின் தற்காப்பில் பத்து ஆண்டுகள் தூணாக நின்று, 2005இல் அதே கிண்ணத்தைக் கைகளில் ஏந்தியவர். உலகின் மிகச் சிறந்த கழகங்கள் விரும்பிச் சேர்த்துக்கொண்ட இந்த இருவரும் ஒரே தேசிய அணியில் ஒரே காலத்தில் ஆடியும், அந்த அணி ஒரு தடவைகூடத் தகுதி பெறவில்லை.

நெருங்கி வந்து நழுவவிட்ட கதைகள்தான் மிகுதி. 1997 அக்டோபரில் ஹங்கேரிக்கு எதிராக ஹெல்சிங்கியில் 1-0 என முன்னிலையில் இருந்த பின்லாந்து, கூடுதல் நேரத்தில் தன் கோலுக்குள்ளேயே பந்தைச் செலுத்தி, உலகக் கிண்ணத்துக்கான இடைச்சுற்று வாய்ப்பை இழந்தது. 2007 நவம்பரில், இங்கிலாந்துப் பயிற்சியாளர் ராய் ஹாட்ஜ்சனின் கீழ், போர்த்துக்கலில் வென்றே ஆகவேண்டிய ஆட்டம் 0-0 எனச் சமநிலையில் முடிந்தது.

அதே காலத்தில் பின்லாந்தின் பெண்கள் அணி 2005 ஐரோப்பிய சாம்பியன் போட்டியின் அரையிறுதி வரை சென்றிருந்தது என்பது குறிப்பிடத்தக்கது. ஆகவே நாட்டின் அளவும் தட்பவெப்பமும் மட்டுமே தடை என்ற வாதம் முழுமையானதல்ல.

வகுப்பறையிலிருந்து ஆடுகளத்துக்கு

1964இல் ஹெல்சிங்கியில் பிறந்த கானெர்வா ஒரு தற்காப்பு ஆட்டக்காரர். தலைநகரின் எச்.ஜே.கே கழகத்துக்கு 1980களில் ஆடியவர். பின்னர் ஸ்வீடனின் எல்ஃப்ஸ்போரி கழகத்திலும் சிறிது காலம் இருந்தார். தேசிய அணிக்காக 59 ஆட்டங்களில் பங்கேற்றார். மதிப்புக்குரிய ஒரு வாழ்க்கைதான். ஆனால் லிட்மனென், ஹூப்பியா ஆகியோரின் பெயர்களோடு சேர்த்துச் சொல்லப்படும் வாழ்க்கை அல்ல.

அவருக்கு இன்னொரு தொழிலும் இருந்தது. அவர் முறையாகப் பயிற்சி பெற்ற ஆரம்பப் பள்ளி ஆசிரியர். வகுப்பறையில் பணியாற்றியும் இருக்கிறார். பின்லாந்தில் இது சாதாரணத் தகுதி அல்ல. அங்கு ஆரம்ப வகுப்பு ஆசிரியராகவும் பல்கலைக்கழக முதுநிலைப் பட்டம் வேண்டும். அந்நாட்டின் பள்ளிகள் 2000ஆம் ஆண்டின் சர்வதேச மாணவர் மதிப்பீட்டில் வாசிப்புத் திறனில் முதலிடம் பெற்றதற்கு, ஆசிரியர்களின் தரமே முக்கியக் காரணம் எனப் பலரும் கருதினர். வகுப்பில் மிகச் சிறந்த மாணவரை இன்னும் உயர்த்துவதைவிட, பின்தங்கும் மாணவரை விட்டுவிடாமல் வகுப்பு முழுவதையும் ஒரு தரத்துக்குக் கொண்டுவருவதே அந்தக் கல்விமுறையின் அடிப்படை. கானெர்வாவின் அணிகளைப் பார்த்தவர்களுக்கு இந்த அணுகுமுறை அந்நியமாகத் தோன்றியிருக்காது.

2004இல் அவர் 21 வயதுக்குட்பட்டோர் தேசிய அணியின் பொறுப்பை ஏற்றார். அந்த அணி ஆஸ்திரியாவை பெனால்டி உதைகளில் வென்று, 2009இல் ஸ்வீடனில் நடந்த ஐரோப்பியப் போட்டிக்குத் தகுதி பெற்றது. இறுதிச் சுற்றில் இங்கிலாந்து, ஜெர்மனி, ஸ்பெயின் ஆகிய மூன்றிடமும் தோற்றுத் திரும்பியது உண்மை. ஆயினும் பெரிய நாடுகள் ஆடும் மேடையில் தாங்களும் ஆட முடியும் என்பதை ஒரு தலைமுறை அங்கு கண்டுகொண்டது. இங்கிலாந்துக்கு எதிராக அன்று கோல் அடித்த டிம் ஸ்பார்வ், பத்து ஆண்டுகள் கழித்து மூத்தோர் அணி தகுதி பெற்றபோது அதன் அணித் தலைவராக இருந்தார்.

காத்திருந்தவர்

மூத்தோர் அணியின் பொறுப்பு கானெர்வாவிடம் எளிதில் வரவில்லை. 2011இன் தொடக்கத்தில் சிறிது காலம் இடைக்காலப் பயிற்சியாளராக இருந்தார். நிரந்தரப் பதவி மிக்ஸு பாத்தெலைனெனுக்குச் சென்றது. 2015இல் பாத்தெலைனென் நீக்கப்பட்டபோது மறுபடியும் இடைக்காலப் பொறுப்பு அவரிடம் வந்தது. அந்தத் தகுதிச் சுற்றின் எஞ்சிய நான்கு ஆட்டங்களில் பின்லாந்து தோற்கவில்லை. கிரேக்கத்தை அதன் மண்ணிலேயே வென்றது. ஆனால் அதற்குள் கால்பந்துச் சங்கம் ஸ்வீடனைச் சேர்ந்த ஹான்ஸ் பாக்கேயை அடுத்த பயிற்சியாளராக அறிவித்துவிட்டிருந்தது.

கானெர்வா மீண்டும் துணைப் பயிற்சியாளர் இருக்கைக்குத் திரும்பினார். 2016இல் பின்லாந்து ஓர் ஆட்டத்தில்கூட வெல்லவில்லை. அதுவரை அதிகாரபூர்வப் போட்டி எதிலும் ஆடியிராத கொசோவோ, தன் முதல் ஆட்டத்திலேயே பின்லாந்தின் துர்க்கு நகரில் 1-1 எனச் சமநிலை பெற்றுச் சென்றது. அவ்வாண்டின் இறுதியில் பாக்கே நீக்கப்பட்ட பிறகே பொறுப்பு முழுமையாகக் கானெர்வாவிடம் ஒப்படைக்கப்பட்டது. 2017இன் நடுப்பகுதியில் பின்லாந்து உலகத் தரவரிசையில் நூறு இடங்களுக்கும் கீழே இறங்கியிருந்தது.

வெளிநாட்டுப் பெயர்களை நம்பி உள்ளூர்த் திறமையைக் காத்திருக்கவைக்கும் வழக்கம் பின்லாந்துக்கு மட்டும் உரியதல்ல. சிறிய நாடுகளின் நிர்வாகங்கள் பலவற்றில் காணப்படும் தன்னம்பிக்கைக் குறைவு அது.

மாற்றம் எப்படி நிகழ்ந்தது?

முதல் அறிகுறிகள் 2017இல் தென்பட்டன. செப்டம்பரில் ஐஸ்லாந்தைத் தாம்பெரே நகரில் 1-0 என வென்றது பின்லாந்து. அக்டோபரில் குரோஷியாவின் ரியேக்காவில் ஆட்டம் முடியும் தறுவாயில் பூரி சொய்ரி அடித்த கோல் 1-1 என்ற சமநிலையைத் தந்தது. அந்த முடிவைத் தாங்க முடியாத குரோஷியா உடனடியாகத் தன் பயிற்சியாளரை நீக்கி, ஸ்லாட்கோ டாலிச்சை நியமித்தது. அவர் அடுத்த கோடையில் அந்த அணியை உலகக் கிண்ண இறுதி ஆட்டம் வரை இட்டுச்சென்றார்.

2018இல் புதிதாகத் தொடங்கிய ஐரோப்பிய நாடுகள் லீக்கில் முதல் நான்கு ஆட்டங்களையும் ஒரு கோல்கூட வாங்காமல் வென்று, பின்லாந்து தன் குழுவில் முதலிடம் பெற்றது. 2020 ஐரோப்பியக் கிண்ணத் தகுதிச் சுற்றில் இத்தாலிக்கு அடுத்த இடத்தைப் பிடித்தது. பத்து ஆட்டங்களில் ஆறு வெற்றி, நான்கு தோல்வி, 18 புள்ளிகள். அந்தச் சுற்றில் அணி அடித்த 16 கோல்களில் பத்து, நார்விச் சிட்டி கழகத்தின் முன்கள ஆட்டக்காரர் தேமு புக்கியின் கால்களிலிருந்து வந்தவை.

ஆட்டமுறையில் புதுமை ஏதும் இருக்கவில்லை. தற்காப்பு வரிசையும் நடுக்கள வரிசையும் நெருங்கி நிற்பது, பந்து எதிரணியிடம் இருப்பதைப் பற்றிக் கவலைப்படாமல் இடைவெளியை மட்டும் கொடுக்காதிருப்பது, பந்து கிடைத்ததும் புக்கியைத் தேடுவது என்பதே அதன் சாரம். ஒவ்வொருவருக்கும் தன் வேலை என்ன என்று தெரிந்திருந்தது. நட்சத்திரங்கள் நிறைந்த முந்தைய அணிகளிடம் இல்லாதது இதுவே எனச் சொல்லலாம்.

இங்கு ஹூப்பியாவின் பயிற்சியாளர் வாழ்க்கையோடு ஓர் ஒப்பீடு பொருத்தமானது. ஜெர்மனியின் லெவர்கூசன் அணியை சாஷா லெவன்டோவ்ஸ்கியுடன் இணைந்து 2012-13 பருவத்தில் மூன்றாம் இடத்துக்குக் கொண்டுவந்த அவர், 2014 ஏப்ரலில் அங்கிருந்து நீக்கப்பட்டார். இங்கிலாந்தின் பிரைட்டன் கழகத்தில் அதே ஆண்டின் இறுதிவரை மட்டுமே நீடித்தார். ஸ்விட்சர்லாந்தின் சூரிச் கழகமும் 2016 மே மாதம் அவரை விடுவித்தது. கழகங்கள் அவருக்குக் கொடுத்த அவகாசம் மாதங்களில் அளக்கப்பட்டது. கானெர்வாவுக்கோ இளையோர் அணியில் ஆறு ஆண்டுகள், துணைப் பயிற்சியாளராகப் பல ஆண்டுகள் எனக் கற்றுக்கொள்ளக் காலம் கிடைத்தது. இருவரில் யார் திறமைசாலி என்பதைவிட, யாருக்கு எந்தச் சூழல் வாய்த்தது என்பதே இங்கு பொருட்படுத்த வேண்டியது.

இன்னொரு காரணியும் உண்டு. ஐரோப்பியக் கிண்ணத்தின் இறுதிச் சுற்று 2016 முதல் 16 நாடுகளிலிருந்து 24 நாடுகளாக விரிவாக்கப்பட்டது. லிட்மனெனின் தலைமுறைக்கு இந்தக் கதவு இவ்வளவு அகலமாகத் திறந்திருக்கவில்லை. கானெர்வாவின் சாதனையை எடைபோடும் எவரும் இதைத் தராசின் மறுதட்டில் வைத்தே ஆகவேண்டும்.

மாறிய முகம்

அணியின் சமூக முகமும் மாறியிருந்தது. கோல் காப்பாளர் லூக்காஸ் ஹ்ராதெட்ஸ்கி ஸ்லோவாக்கியாவின் பிராட்டிஸ்லாவாவில் பிறந்து, கைக்குழந்தையாகப் பின்லாந்துக்கு வந்தவர். நடுக்கள ஆட்டக்காரர் கிளென் கமாரா, சியாரா லியோனைச் சேர்ந்த பெற்றோருக்குத் தாம்பெரேயில் பிறந்தவர். குரோஷியாவை அதிரவைத்த சொய்ரியின் தந்தை நமீபியர்.

1990கள் வரை வெளியிலிருந்து வந்து குடியேறியோர் மிகக் குறைவாகவே இருந்த நாடு பின்லாந்து. குடிவரவுக்கு எதிரான அரசியல் அங்கு வலுப்பெற்ற அதே ஆண்டுகளில்தான் இந்த அணியும் உருவானது. 2021 மார்ச்சில் கமாரா தன் ஸ்காட்லாந்துக் கழகமான ரேஞ்சர்ஸுக்காக ஆடும்போது, செக் நாட்டு எதிரணி ஆட்டக்காரர் ஒருவரின் இனவெறிப் பேச்சுக்கு ஆளானார். அந்த ஆட்டக்காரருக்குப் பத்து ஆட்டங்கள் தடை விதிக்கப்பட்டது. அடுத்த சில மாதங்களில் அதே கமாரா நீல-வெள்ளைச் சீருடையில் நாட்டின் நம்பிக்கைகளைச் சுமந்து களமிறங்கினார். கால்பந்தாட்டம் ஒரு சமூகத்தின் பிளவுகளைத் தீர்த்துவிடுவதில்லை. ஆனால் ‘நாம்’ என்ற சொல்லுக்குள் யார் யார் அடங்குவர் என்பதைத் தொலைக்காட்சித் திரையில் அது காட்டிவிடுகிறது.

கோப்பன்ஹேகனில் ஒரு மாலை

பெருந்தொற்றால் ஓராண்டு தள்ளிப்போன போட்டியில், 2021 ஜூன் 12ஆம் தேதி பின்லாந்து தன் முதல் ஆட்டத்தை டென்மார்க்கின் தலைநகரில் ஆடியது. 43ஆவது நிமிடத்தில் டென்மார்க்கின் கிறிஸ்டியன் எரிக்சன் இதயம் நின்று மைதானத்தில் சரிந்தார். சக ஆட்டக்காரர்கள் அவரைச் சுற்றி அரணாக நிற்க, மருத்துவர்கள் அவருக்கு உயிரூட்டப் போராடினார்கள். அரங்கில் காத்திருந்த வேளையில் பின்லாந்து ரசிகர்கள் ‘கிறிஸ்டியன்’ என்று முழங்க, டென்மார்க் ரசிகர்கள் ‘எரிக்சன்’ என்று பதில் முழக்கமிட்டனர்.

எரிக்சன் நினைவு திரும்பிய செய்தி வந்தபின், ஏறத்தாழ ஒன்றே முக்கால் மணி நேர இடைவெளியில் ஆட்டம் மீண்டும் தொடங்கியது. 60ஆவது நிமிடத்தில் யோயல் பொஹ்யன்பாலோ தலையால் முட்டிப் பந்தை வலைக்குள் அனுப்பினார். கோலை நோக்கிச் சென்ற பின்லாந்தின் ஒரே முயற்சி அது. தன் நாட்டின் வரலாற்றிலேயே முதலாவதான அந்தக் கோலை அவர் கொண்டாடவில்லை. பின்னர் டென்மார்க்கின் பெனால்டி உதை ஒன்றை ஹ்ராதெட்ஸ்கி தடுக்க, பின்லாந்து 1-0 என வென்றது.

அந்த ஆட்டம் அன்றிரவே தொடர்ந்திருக்க வேண்டுமா என்ற கேள்வி இன்றும் ஓயவில்லை. இரு அணிகளின் வேண்டுகோளின் பேரிலேயே ஆட்டம் தொடர்ந்ததாக ஐரோப்பியக் கால்பந்து நிர்வாகம் கூறியது. ஆனால் அன்றிரவே ஆடுவது அல்லது மறுநாள் நண்பகலில் ஆடுவது என்ற இரண்டு வழிகளே முன்வைக்கப்பட்டதாகவும், ஆடியிருக்கவே கூடாது என்றும் டென்மார்க்கின் பயிற்சியாளர் காஸ்பர் யூல்மண்ட் பின்னர் தெரிவித்தார். அதிர்ச்சியில் உறைந்த மனிதர்களிடம் கேட்டுப் பெறும் சம்மதம் எவ்வளவு தூரம் சம்மதமாகும் என்பது நியாயமான கேள்வி.

பின்லாந்தைப் பொறுத்தவரை, எண்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் காத்திருந்த வெற்றி, மகிழ்ச்சியைக் காட்ட முடியாத ஒரு மாலையில் வந்து சேர்ந்தது. அந்த அணியும் அதன் ரசிகர்களும் அன்று நடந்துகொண்ட விதம், வெற்றியைவிட அதிகமான மரியாதையை அந்நாட்டுக்குப் பெற்றுத்தந்தது எனலாம்.

அடுத்து ரஷ்யாவிடம் 0-1 எனத் தோற்றது பின்லாந்து. பெல்ஜியத்துடனான கடைசி ஆட்டத்தில் 74ஆவது நிமிடம் வரை கோல் ஏதும் விழவில்லை. அந்தச் சமநிலை நீடித்திருந்தால் பின்லாந்து அடுத்த சுற்றுக்குச் சென்றிருக்கும். கம்பத்தில் பட்ட பந்து ஹ்ராதெட்ஸ்கி மீது மோதிக் கோலாக, ஆட்டம் 0-2 என முடிந்தது.

ஒரே புள்ளிகள், வேறு முடிவு

அதன்பின் சரிவு ஒரே நாளில் வரவில்லை. 2021 அக்டோபரில் புக்கி, லிட்மனெனின் 32 கோல்கள் என்ற தேசியச் சாதனையை முறியடித்தார். ஆனால் 2022 உலகக் கிண்ணத்துக்கான குழுவில் பிரான்ஸ், உக்ரைன் ஆகியவற்றுக்குப் பின்னால் மூன்றாம் இடமே கிடைத்தது.

2024 ஐரோப்பியக் கிண்ணத் தகுதிச் சுற்றுதான் கூர்ந்து நோக்கத்தக்கது. அங்கும் பத்து ஆட்டங்கள், ஆறு வெற்றிகள், நான்கு தோல்விகள், 18 புள்ளிகள். 2019இல் வரலாறு படைத்த அதே கணக்கு இம்முறை மூன்றாம் இடத்தையே தந்தது. டென்மார்க்கும் ஸ்லோவேனியாவும் தலா 22 புள்ளிகளுடன் முன்னே சென்றன. ஹெல்சிங்கியில் முன்னிலையில் இருந்துவிட்டு, இறுதி நிமிடங்களில் கஸக்ஸ்தானிடம் 1-2 எனத் தோற்றது பேரிழப்பானது. இடைச்சுற்றில், 2024 மார்ச்சில், வேல்ஸ் 4-1 என வென்று கடைசி வாய்ப்பையும் மூடியது.

இந்த ஒற்றுமை இரண்டு செய்திகளைச் சொல்கிறது. முதலாவது, 2019இன் சாதனை எவ்வளவு மெல்லிய இழையில் தொங்கியது என்பது. இரண்டாவது, 2023இன் தோல்வி சொல்லப்பட்ட அளவுக்குப் பெரிய வீழ்ச்சி அல்ல என்பது. அதே அளவு உழைப்புக்கு இம்முறை குழுவின் அமைப்பு வேறு கூலியைக் கொடுத்தது.

ஆயினும் கானெர்வாவின் மீதான விமர்சனம் ஆதாரமற்றதல்ல. ஸ்பார்வ் ஓய்வு பெற்றுவிட்டார். புக்கி 2023இல் அமெரிக்காவுக்கு ஆடச் சென்றார். முப்பதைத் தாண்டிய அவருக்குப் பதிலாக ஒருவர் உருவாகவில்லை. நெருங்கி நின்று தற்காக்கும் முறை, முன்னால் கோல் அடிக்க ஒருவர் இருக்கும்வரைதான் பலன் தரும். நம்பிக்கைக்குரிய பழைய மாணவர்களை விட்டுவிட மனமில்லாத ஆசிரியராக அவர் மாறிவிட்டார் என்ற குற்றச்சாட்டில் ஓரளவு உண்மை உண்டு. எந்த விசுவாசம் அணியைக் கட்டியெழுப்பியதோ, அதுவே அதைப் புதுப்பிப்பதற்குத் தடையாகவும் ஆனது.

2024இன் ஆறு தோல்விகளுக்கும் பின்னணி உண்டு. இங்கிலாந்து, கிரேக்கம், அயர்லாந்து ஆகியவற்றோடு ஆட நேர்ந்ததே, பின்லாந்து முன்னர் வென்று மேல்பிரிவுக்கு உயர்ந்ததன் விளைவு.

எஞ்சி நிற்பது

2025 தொடக்கத்தில் டென்மார்க்கைச் சேர்ந்த யாக்கொப் ஃபிரீஸ் பொறுப்பேற்றார். சங்கத்தின் பார்வை மறுபடியும் எல்லைக்கு வெளியே சென்றது. அவ்வாண்டு ஜூனில் போலந்தை 2-1 என வென்றபோதிலும், 2026 உலகக் கிண்ணத் தகுதிச் சுற்றில் பின்லாந்து நெதர்லாந்து, போலந்து ஆகியவற்றுக்குப் பின்னால் மூன்றாம் இடத்திலேயே முடித்தது. பயிற்சியாளரை மாற்றுவதால் மட்டும் 55 லட்சம் மக்களின் நாடு ஒன்றின் இடம் மாறிவிடாது என்பதை இது உணர்த்துகிறது.

அப்படியானால் கானெர்வா மாற்றியது எதை? 2007இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக் அரங்கில், பெல்ஜியத்துடனான ஆட்டத்தின் நடுவே கொம்பன் ஆந்தை ஒன்று பறந்து வந்து இறங்கியது. ஆட்டம் சிறிது நேரம் நிறுத்தப்பட்டது. அன்று முதல் அந்த ஆந்தையின் பெயரே தேசிய அணியின் செல்லப் பெயராயிற்று. அக்காலத்தில் இந்த அணியைப் பற்றி உலகம் நினைவில் வைத்திருந்தது ஏறக்குறைய அவ்வளவுதான். இன்று பின்லாந்தில் பந்தை உதைக்கத் தொடங்கும் சிறுவன், தன் நாட்டு ஆண்கள் அணி தகுதி பெறவே பெறாது என்று கேட்டு வளர வேண்டியதில்லை. அடுத்து வரும் பயிற்சியாளர்கள் அனைவரும், 2019ஐ எட்டினார்களா இல்லையா என்றே மதிப்பிடப்படுவார்கள். கானெர்வாவும் தன் கடைசி ஆண்டில் அந்த அளவுகோலால்தான் மதிப்பிடப்பட்டார்.